காணாமற்போனவரின் கையொப்பம்: வன்னியில் இருந்து திரைக்கதை எழுத விரும்பும் ஒருவருக்கு

முல்லைத்தீவு மாவட்டத்தில் இருந்து 24 வயதுச் சகோதரி ஒருவர் கேட்டிருக்கிறார்: கடன், குடி, சிறுவயதுத் திருமணம், காணாமற்போன தகப்பன்மார் என்று எங்கள் வீடுகளுக்குள் இருப்பவற்றைத் திரைக்கதையாக எழுத விரும்புகிறேன், இதையே தொழிலாகக் கொண்டு இங்கிருந்தபடி வாழ முடியுமா, பக்கத்து வீட்டு அக்கா தன்னைப் பற்றித்தான் எழுதிவிட்டேன் என்று நினைத்தால் என்ன செய்வது? முதற் பகுதி வருமானத்தைப் பற்றியது. ஆனால் கேள்வியை இரண்டு மூன்று முறை வாசித்தபோது, உங்களை எழுதவிடாமல் நிறுத்தி வைத்திருப்பது இரண்டாவது பகுதிதான் என்று எனக்குத் தோன்றியது. மற்றவருடைய துயரத்தை எடுத்து எழுத எனக்கு என்ன உரிமை இருக்கிறது என்பதே உங்கள் கேள்வி. இரண்டுக்கும் பதில் சொல்ல முயல்கிறேன். நான் கிளிநொச்சியில் இருந்து ஏறக்குறைய 15 ஆண்டுகளாகக் குறும்படங்களுக்கும் வானொலி நாடகங்களுக்கும் விழிப்புணர்வுப் படங்களுக்கும் எழுதி வருகிறேன். முழுநீளப் படம் ஒன்றில் மட்டுமே வேலை செய்திருக்கிறேன். ஆகவே பெரிய திரையின் வணிகத்தைப் பற்றி நான் சொல்பவற்றை வெளியில் நின்று பார்த்தவனின் அவதானிப்பாக மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

வன்னியில் இருந்துகொண்டு திரைக்கதையை மட்டும் நம்பிக் குடும்பம் நடத்தும் ஒருவரையும் நான் அறியேன். எனக்குத் தெரிந்து எழுதுகிறவர்களில் ஆசிரியர் இருக்கிறார், பிரதேச செயலகத்தில் வேலை செய்பவர் இருக்கிறார், கலியாண வீடுகளுக்கு வீடியோ எடுப்பவர் இருக்கிறார், இரண்டு ஏக்கர் வயல் செய்பவரும் இருக்கிறார். நானும் பாடசாலையில் தமிழ் படிப்பித்துக்கொண்டுதான் எழுதுகிறேன். எழுத்துக்கென்று கைக்கு வரும் காசு பெரும்பாலும் தொண்டு நிறுவனங்களும் திணைக்களங்களும் கேட்கும் விழிப்புணர்வுப் படங்களில் இருந்து வருகிறது. அவற்றில் முடிவை அவர்களே முன்கூட்டித் தீர்மானித்திருப்பார்கள்: பிரச்சினை வரும், உத்தியோகத்தர் ஒருவர் வருவார், குடும்பம் ஒன்று சேரும். இதை நான் குறைவாகப் பேசவில்லை. எங்கே போய் உதவி கேட்பது என்று தெரியாத ஒரு பெண்ணுக்கு அந்தப் பத்து நிமிடப் படம் பயன்பட்டதை நேரில் கண்டிருக்கிறேன். உங்கள் மனத்தில் இருக்கும் எழுத்து வேறு வகையானது என்பதை மட்டும் தெளிவாக வைத்திருங்கள். ஒன்றின் காசில் மற்றதற்கு நேரம் வாங்க முடியும். ஆனால் இரண்டையும் ஒரே பிரதிக்குள் எழுத முயன்றால் இரண்டும் கெடும். நான் இரண்டு முறை முயன்று, இரண்டு முறையும் அப்படித்தான் முடிந்தது.

வேலை பார்த்துக்கொண்டு எழுதுவதைத் தோல்வியாகக் கருதாதீர்கள். குடும்பத்துக்குள் பேசக்கூடாதவற்றைத் தமிழ்த் திரையில் பேசவைத்தவர் என்று பலரும் கைகாட்டும் கே. பாலசந்தர், சென்னையில் ஏ.ஜி.எஸ். அலுவலகம் எனப்படும் அரச கணக்காய்வு அலுவலகத்தில் உத்தியோகம் பார்த்தபடியே மேடை நாடகங்கள் எழுதியவர். 1964இல் 'தெய்வத்தாய்' படத்துக்கு வசனம் எழுதினார். 1965இல் 'நீர்க்குமிழி' மூலம் இயக்குநரானார். குடும்பத்தைத் தாங்குவதற்காகத் தன்னையே விலையாக்கும் மூத்த மகளின் கதையான 'அரங்கேற்றம்' 1973இல்தான் வந்தது. உழைக்கும் ஒரு பெண்ணின் தோளில் முழு வீடும் தொங்கும் 'அவள் ஒரு தொடர்கதை' அதற்கு அடுத்த ஆண்டு வந்தது. ஆகக் கடினமான கதைகளுக்கு அவர் வந்து சேர்ந்தபோது மேடையிலும் திரையிலும் நீண்ட பயிற்சி பெற்றிருந்தார். பார்வையாளரின் நம்பிக்கையையும் சம்பாதித்திருந்தார். அந்த இரண்டாவது படத்தில் தகப்பன் குடும்பத்தைத் துறந்து போனவர். எங்கள் வீடுகளில் அந்த இடம் வெறுமையானது வேறு விதமாக. ஆனால் மூத்த பிள்ளையின் தோளில் இறங்கிய பாரம் ஒன்றுதான். ஈழத்துத் திரையிலும் உங்களுக்கு முன்னோடிகள் உண்டு. காவலூர் இராசதுரை எழுத, யாழ்ப்பாணத்தில் விரிவுரையாளராகவும் பணியாற்றிய தர்மசேன பத்திராஜா இயக்கி, 1977இல் வெளிவந்த 'பொன்மணி' சீதனத்தையும் சாதியையும் ஒரு வீட்டின் முற்றத்துக்குள் வைத்துப் பார்த்த படம். அதைத் தேடிப் பாருங்கள்.

இனி உங்களை உண்மையில் தடுத்து வைத்திருக்கும் கேள்விக்கு வருகிறேன். அதற்கு என் பிழை ஒன்றைச் சொல்லாமல் பதில் சொல்ல முடியாது. மீள்குடியேற்றம் முடிந்து சில ஆண்டுகளின் பின், நுண்கடன் பற்றி ஒரு குறும்படம் எழுதினேன். கிழமைக் காசு கட்ட முடியாமல் தவிக்கும் ஒரு தாயின் கதை. எனக்குத் தெரிந்த ஓர் அம்மாவின் வாழ்க்கையில் இருந்து அதை எடுத்தேன். பெயரை மாற்றினேன், ஊரை மாற்றினேன், பிள்ளைகளின் எண்ணிக்கையையும் மாற்றினேன். ஒன்றை மட்டும் மாற்ற மனம் வரவில்லை. காணாமற்போன மகனின் ஓடாத கைக்கடிகாரத்தை அந்த அம்மா தன் கையில் கட்டியிருந்தார். எழுதுகிறவனுக்கு அப்படியான ஒரு பொருள் கிடைத்தால் விடமாட்டான், நானும் விடவில்லை. படத்தைப் பொதுநோக்கு மண்டபத்தில் போட்டபோது அந்த அம்மா மூன்றாவது வரிசையில் இருந்தார். கடிகாரம் திரையில் தெரிந்த கணத்தில் ஊர் முழுவதும் திரும்பி அவரைப் பார்த்தது. அதற்குப் பிறகு வந்த காட்சியில், மகனைக் கண்டுபிடித்துத் தருவதாகச் சொன்ன ஒருவனுக்குக் கொடுப்பதற்காக அந்தத் தாய் யாருக்கும் தெரியாமல் இரண்டாவது கடன் எடுப்பார். அதுவும் உண்மை. கடன் குழுவில் அவருக்காகப் பிணை நின்ற மற்றப் பெண்களுக்கு அது அன்றுதான் தெரிய வந்தது. சில நாட்களின் பின் மன்னிப்புக் கேட்க அவர் வீட்டுக்குப் போனேன். தேநீர் தந்துவிட்டு, "தம்பி, நீங்கள் பொய் ஒண்டும் எழுதேல்லை. ஆனா அதைச் சொல்லுறதெண்டா நான் எல்லோ சொல்லியிருக்க வேணும்" என்றார். அதன் பிறகு நீண்ட காலம் அவர் மாதர் சங்கக் கூட்டத்துக்கு வரவில்லை.

அன்று முதல் சில ஒழுங்குகளை வைத்திருக்கிறேன். ஒருவருடைய வாழ்க்கையில் இருந்து எடுப்பதானால், எழுதுவதற்கு முன் ஒரு முறையும் எழுதி முடித்து முழுப் பிரதியையும் வாசித்துக் காட்டிய பின் இன்னொரு முறையும் சம்மதம் கேட்பேன். முதற் சம்மதம் உங்கள் மேல் உள்ள மரியாதையால் கிடைப்பது. எதற்குச் சம்மதிக்கிறோம் என்று அவருக்கு அப்போது தெரியாது. உண்மையில் கண்ட பொருட்களில் எது என்னை ஆகக் கவர்ந்ததோ அதை முதலில் வெட்டிவிடுவேன், ஏனென்றால் என் கண்ணில் பட்டது ஊரின் கண்ணில் ஏற்கனவே பட்டிருக்கும். வன்னிக் கிராமங்களில் எந்தக் குளத்துத் தண்ணீர், குடியேற்றத்தில் எந்த யூனிற் (பிரிவு), எந்த முகாமில் இருந்தவர்கள் என்று சொன்னாலே ஆள் யாரென்று தெரிந்துவிடும். பெயர் மாற்றுவதால் ஒருவரும் மறைந்துவிடுவதில்லை. பாலியல் வன்முறைக்கு ஆளானவர்களைப் பொறுத்தவரை இது நாகரிகத்தோடு நின்றுவிடும் விடயமும் அன்று. அவர்களை அடையாளம் காட்டக்கூடிய எதையும் அனுமதியின்றி வெளியிடுவது தண்டனைச் சட்டக்கோவையின் 365சி பிரிவின்படி குற்றம். இன்னொன்றையும் சேர்த்துச் சொல்லவேண்டும். கதை கேட்கப் போகும் நாங்கள் மனநல ஆலோசகர்கள் அல்லர். கேள்வி கேட்டுப் பழைய நினைவுகளைக் கிளறிவிட்டு மோட்டார் சைக்கிளில் ஏறி வந்துவிட்டால், அன்று இரவு அந்த வீட்டில் என்ன நடந்தது என்பது எங்களுக்குத் தெரியாமலே போய்விடும். தேசிய மனநல உதவி இலக்கமான 1926, பெண்களுக்கான உதவி இலக்கமான 1938 ஆகிய இரண்டையும் ஒரு கடதாசியில் எழுதி வைத்திருங்கள். அவர் தனியாக இருக்கும் வீடானால் மறுநாளும் ஒரு முறை போய் வாருங்கள்.

அப்படியானால் எதைத்தான் எழுதுவது என்று கேட்பீர்கள். என் அனுபவத்தில், 'காணாமற்போனோர் பிரச்சினை' என்றோ 'நுண்கடன் பிரச்சினை' என்றோ தலைப்பு வைத்துக்கொண்டு தொடங்கிய ஒரு பிரதியும் உயிரோடு எழுந்து நின்றதில்லை. அந்தப் பிரச்சினை ஒரு வீட்டுக்குள் ஒரு குறிப்பிட்ட நாளில் யாரை என்ன முடிவு எடுக்க நெருக்குகிறது என்று தேடினால் கதை அங்கே இருக்கும். ஓர் எடுத்துக்காட்டை விரிவாகவே சொல்கிறேன், ஏனெனில் இதில்தான் எங்கள் மண்ணின் திரைக்கதை கிடக்கிறது என்று நம்புகிறேன். 2009இல் கணவன் காணாமற்போன ஒரு பெண் என்று வைத்துக்கொள்ளுங்கள். மகளுக்குச் சம்பந்தம் பேசிவந்திருக்கிறது. தாய்க்குச் சீதனமாக வந்த காணித்துண்டு ஒன்று இருக்கிறது; அதை மகளுக்கு எழுதவேண்டும், அல்லது விற்றுத்தான் கலியாணம் செய்யவேண்டும். வடபகுதித் தமிழரின் மரபுச் சட்டமான தேசவழமைக்கு உட்பட்ட பெண் தன் சொந்தக் காணியைக்கூடக் கணவனின் எழுத்து மூலமான சம்மதம் இல்லாமல் கைமாற்ற முடியாது என்று 1911ஆம் ஆண்டின் யாழ்ப்பாண விவாக உரிமைகள், மரபுரிமைக் கட்டளைச் சட்டம் சொல்கிறது. உறுதி எழுதும் நொத்தாரிசு கணவனின் கையொப்பத்தைக் கேட்பார். காணாமற்போன மனிதனின் கையொப்பத்துக்கு அவள் எங்கே போவாள்? மாவட்ட நீதிமன்றத்தில் விண்ணப்பித்து அந்தச் சம்மதத்துக்குப் பதிலாக நீதிமன்ற அனுமதி பெற வழி உண்டு. அதற்குச் சட்டத்தரணி வேண்டும், காசு வேண்டும், தவணைக்குத் தவணை போய்வர வேண்டும். மாப்பிள்ளை வீட்டார் அதுவரை பொறுப்பார்களா என்பது தெரியாது.

இன்னொரு வழி மரணச் சான்றிதழ். பொதுவான சட்டப்படி 7 ஆண்டுகள் தகவல் இல்லாதிருந்தால்தான் ஒருவர் இறந்துவிட்டதாக அனுமானிக்கலாம். மோதல் காரணமாகக் காணாமற்போனவர்களுக்கு ஓர் ஆண்டு கடந்தாலே மரணத்தைப் பதிவு செய்யலாம் என்று 2010ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கச் சட்டம் இடம் கொடுத்தது. 2016இல் அதில் ஒரு திருத்தம் வந்து, இறந்தார் என்று சொல்லாமல் காணாமற்போயுள்ளார் என்று மட்டும் சொல்லும் சான்றிதழ் ஒன்றையும் பெறலாம் என்றானது. இப்போது அந்தப் பெண்ணின் முன்னால் இரண்டு படிவங்கள் இருக்கின்றன என்று பாருங்கள். ஒன்றில் கையெழுத்து வைத்தால் சில கதவுகள் உடனே திறக்கும். ஆனால் தன் மனிதன் இறந்துவிட்டான் என்று தன் கையாலேயே எழுதிக் கொடுத்ததாகும். மாமியார் அதற்குச் சம்மதிக்க மாட்டார்; 2017 பெப்ரவரியில் இருந்து கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில் காணாமற்போன பிள்ளைகளுக்குப் பதில் கேட்டுக் கொட்டகை போட்டு இருந்த தாய்மாரில் அவரும் ஒருவர் என்று வைத்துக்கொள்ளுங்கள். கையெழுத்து வைத்த மறுநாள் பொட்டு வைப்பதா விடுவதா? கலியாண அழைப்பிதழில் தகப்பன் பெயருக்கு முன்னால் 'அமரர்' என்று போடுவதா, போடாமல் விடுவதா? அச்சகத்தில் இருக்கும் பெடியன் சாதாரணமாகத்தான் கேட்பான், "அக்கா, இதில அமரர் எண்டு போடுறதோ?" என்று. தாயும் மகளும் ஒருவர் முகத்தை ஒருவர் பாராமல் நிற்கும் அந்த அச்சகத்தில்தான் உங்கள் படம் இருக்கிறது. அங்கே 'காணாமற்போனோர்' என்ற சொல்லை ஒருவரும் உச்சரிக்க வேண்டிய தேவை இல்லை.

இதனால்தான் புதிதாக எழுத வருகிறவர்களிடம், உளவியல் நூல்களுக்கு முன்னால் பிரதேச செயலகத்தின் படிவங்களை வாசியுங்கள் என்று சொல்கிறேன். காணி ஒன்று சொந்த உறுதி உள்ள உறுதிக் காணியா, அரசு பத்திரம் கொடுத்து இருக்கவிட்ட அனுமதிப்பத்திரக் காணியா என்பதிலேயே ஒரு குடும்பத்தின் சண்டை முழுவதும் மாறிவிடும். 1958இலும் 1977இலும் வன்செயல்களுக்குத் தப்பித் தெற்கில் இருந்தும் மலையகத்தில் இருந்தும் வன்னிக்கு வந்து குடியேறிய குடும்பங்கள் பல, காடு வெட்டிக் கிணறு தோண்டிய காணிக்கே பத்திரம் இல்லாமல் காலம் கழித்தவை. அனுமதிப்பத்திரக் காணிகளுக்கான 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டம், பின்னுரித்தாளர், அதாவது அடுத்து உரிமை பெறுபவர், பெயரிடப்படாதவிடத்து ஆண் பிள்ளைக்கே முன்னிடம் கொடுத்து வந்தது. 2022இல்தான் அந்தப் பாகுபாடு திருத்தப்பட்டது. தமக்கையும் தம்பியும் பேசாமல் இருப்பதற்கான காரணம் எத்தனையோ வீடுகளில் அந்த ஒரு தாளில் இருக்கிறது. வீட்டு வன்முறையை எழுதும்போதும் இப்படித்தான். எங்கள் குறும்படங்களில் கடைசியில் பொலிஸ் வந்து கணவனைப் பிடித்துக்கொண்டு போகும். 2005ஆம் ஆண்டின் வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் தருவது அதுவன்று. நீதவான் நீதிமன்றம் 12 மாதம் வரை செல்லுபடியாகும் பாதுகாப்புக் கட்டளை ஒன்றைப் பிறப்பிக்கலாம். அந்தக் கட்டளையைக் கையில் வைத்துக்கொண்டு, ஒரே படலையும் ஒரே கிணறும் உள்ள வளவில் மாமன் மாமியோடு அந்தப் பெண் எப்படி இருப்பாள் என்பதை யாராவது எழுதவேண்டும். நான் இன்னும் எழுதவில்லை. சட்ட விபரங்களை என் வேலைக்காகத் தேடிப் படித்த அளவில் சொல்கிறேன். படமாக்கப் போகும் முன் சட்டத்தரணி ஒருவரிடம் அந்தக் காட்சிகளை வாசித்துக் காட்டுங்கள்.

சிறுவயதுத் திருமணம் பற்றிக் கேட்டிருந்தீர்கள். அதில் எனக்கு ஓர் அச்சம் உண்டு. போரின் கடைசி ஆண்டுகளில், ஆட்சேர்ப்புக்குப் பிள்ளை போய்விடக்கூடாது என்பதற்காக அவசர அவசரமாகத் தாலி கட்டி வைத்த பெற்றோர் பலர். அந்தத் தகப்பனை இன்றைய வெளிச்சத்தில் நிறுத்திக் கொடியவனாக எழுதுவது இலகு. அந்தப் பிள்ளையின் இழப்பையும் குறைக்காமல், தறப்பாளுக்குக் கீழே இருந்து அந்தத் தகப்பன் எடுத்த முடிவையும் பொய்யாக்காமல் எழுதுவதற்கு எனக்கு இன்னும் வழி பிடிபடவில்லை. இது என் கருத்து மட்டுமே. உங்கள் தலைமுறைக்கு அது பிடிபடக்கூடும்.

வசனத்தைப் பற்றிச் சுருக்கமாக. தென்னிந்தியப் படங்களைப் பார்த்து வளர்ந்ததால், கோபம் வந்தவுடன் எங்கள் பாத்திரங்கள் சென்னையில் பிறந்தவர்கள் போலப் பேசத் தொடங்கிவிடுகின்றன. அதைத் தவிர்த்தவர்களும் எல்லோரையும் யாழ்ப்பாணப் பேச்சில் பேசவைத்துவிடுகிறார்கள். வன்னியில் ஒரே ஒழுங்கைக்குள் பரம்பரை வன்னியார், இடம்பெயர்ந்து வந்து தங்கிவிட்ட யாழ்ப்பாணத்தார், மலையக வழியினர், மன்னார்ப் பக்கத்தார் என்று நாலு விதமான தமிழ் கேட்கிறது. யார் யாரை எப்படி அழைக்கிறார்கள் என்பதை மட்டும் ஒரு கொப்பியில் ஒரு மாதம் எழுதி வாருங்கள். சாதியும் வசதியும் யார் எங்கிருந்து வந்தவர் என்பதும், ஒரு வார்த்தை விளக்கம் இல்லாமல் அந்த அழைப்புகளிலேயே வெளிவந்துவிடும்.

இப்படிப்பட்ட கதைகளை எங்கள் சனம் பார்க்குமா என்ற சந்தேகமும் உங்களுக்கு இருக்கலாம். முல்லைத்தீவுப் பக்கத்துக் கூத்து முறையான முல்லை மோடியில் ஆடும் கோவலன் கூத்தை விடிய விடிய இருந்து பார்த்த சனம் இது. கணவனை அநியாயமாக இழந்த பெண் ஒருத்தி அரசசபைக்குப் போய் ஒற்றைச் சிலம்போடு நியாயம் கேட்கும் கதையை அவர்கள் நாடகமாக மட்டும் பார்க்கவில்லை. ஆண்டுதோறும் வைகாசியில் வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் கோயிலில் பொங்கி அவளைக் கும்பிடுகிறார்கள். துயரத்தைப் பார்க்க அவர்களுக்குப் பொறுமை இருக்கிறது. தங்களைப் பார்த்து மற்றவர்கள் இரங்குவதற்கென்று எடுக்கப்பட்ட படத்தைத்தான் அவர்களால் பொறுக்க முடிவதில்லை. திரையிடலின்போது பாதியில் எழுந்து போனவர்களிடம் கேட்டபோதெல்லாம் எனக்குக் கிடைத்த பதில் இதுவாகத்தான் இருந்தது. வெளிநாட்டில் இருந்து தயாரிப்பாளர் வரும்போது இதை மறந்துவிடாதீர்கள். அவர்களில் நேர்மையானவர்கள் அநேகர். ஆனால் அவர்கள் விட்டுப் போன வன்னியைத்தான் அவர்கள் கேட்பார்கள், இன்றைய வன்னியை நீங்கள்தான் வற்புறுத்தி வைக்கவேண்டும்.

தொழிலாகச் செய்வதென்றால் இரண்டு மூன்று காரியங்களில் கவனமாக இருங்கள். கதையை வாயால் சொல்லிவிட்டு வராதீர்கள். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் எழுத்தில் வந்த வடிவத்தைப் பாதுகாக்கிறது, வெறும் எண்ணத்தைப் பாதுகாப்பதில்லை. எழுதிய கணத்திலேயே உரிமை உங்களுடையது. அதற்குத் தனியான பதிவு தேவையில்லை, உங்கள் ஆயுளுக்குப் பின்னும் 70 ஆண்டுகள் அது நிற்கும். ஆனால் எப்போது எழுதினீர்கள் என்று காட்டவேண்டி வரும் என்பதால், திகதி தெரியும்படி மின்னஞ்சலில் அனுப்பி வையுங்கள். கதைச்சுருக்கம் கொடுக்கும்போது ஒரு பங்கு, முதற் பிரதிக்கு ஒரு பங்கு, திருத்திய பிரதிக்கு மீதி என்று கொடுப்பனவைப் பிரித்து எழுத்தில் வாங்குங்கள். தெரிந்தவர், ஒரே ஊர் என்பதற்காக இதை விட்டுவிட்டு ஓர் ஆண்டு உழைப்பை இழந்திருக்கிறேன். பொது அரங்கில் காட்டுவதற்குத் தணிக்கைச் சபையின் அனுமதி வேண்டும் என்பதையும் முதலிலேயே தயாரிப்பாளரோடு பேசிவிடுங்கள். பிரதியில் ஒரு பக்கம் திரையில் ஒரு நிமிடம் என்ற கணக்கு ஆங்கிலப் பிரதிகளை வைத்து வந்தது. தமிழில் நான் அதை நம்புவதில்லை, வாசித்து நேரம் எடுத்துத்தான் பார்க்கிறேன்.

உங்கள் முதற் பிரதியைப் பக்கத்து வீட்டில் இருந்து எடுக்காதீர்கள். உங்கள் வீட்டில் இருந்து எடுங்கள். அங்கே உங்களுக்கு உரிமை இருக்கிறதா என்ற கேள்வி குறைவு, அதற்கான விலையைக் கொடுக்கப்போவதும் நீங்களே. 15 நிமிடத்தைத் தாண்டாமல், ஒரு நாளுக்குள் ஒரு முடிவு எடுக்கப்படும் கதையாக எழுதுங்கள். எழுதி முடித்து ஒரு பின்னேரம் குசினிக்குள் போய் அம்மாவுக்கு முழுவதையும் சத்தமாக வாசியுங்கள். அவர் ஏதாவது ஒரு காட்சியை வேண்டாம் என்றால், ஏன் என்று கேளாமல் அதை எடுத்துவிட்டு, கதை நிற்கிறதா என்று பாருங்கள். வாசிக்கும்போது அவர் எந்த இடத்தில் திரும்பி அடுப்பைப் பார்க்கத் தொடங்குகிறார் என்பதையும் பிரதியின் ஓரத்தில் குறித்துக்கொள்ளுங்கள். திருத்தத்தை அந்தப் பக்கத்தில் இருந்து தொடங்கலாம்.